‘இதுவும் வாட்ஸ்அப்தான் அக்கா’: பழைய போன், போலிச் செயலி, போன பணம்

கொல்லங்கோட்டுக்கும் குளச்சலுக்கும் இடையிலுள்ள கடற்கரை ஊர் ஒன்றிலிருந்து ஒரு சகோதரி வக்கீலான எனக்கு நான்கு பக்கக் கடிதம் எழுதியிருக்கிறார். அவர் யாரென்று தெரிந்துவிடாதபடி சில விவரங்களை மாற்றிச் சுருக்கித் தருகிறேன்.

அவருக்கு 44 வயது. கணவர் பஹ்ரைனில் ஒரு முதலாளியின் படகில் மீன்பிடிக்கிறார். இரண்டு பெண் பிள்ளைகள். ஊரில் 14 பேர் கொண்ட மகளிர் சுயஉதவிக் குழுவுக்கு இவர்தான் ஊக்குநர். கையில் இருப்பது 2015இல் வாங்கிய போன், ஆண்ட்ராய்டு 4.4. அதில் வாட்ஸ்அப் திறப்பது நின்று நெடுநாளாயிற்று. புதுப் போன் வாங்கக் கணவர் பணம் அனுப்பியும் இவர் வாங்கவில்லை. 2017 நவம்பரில் கொச்சியிலிருந்து ஆழ்கடலுக்குப் புறப்பட்ட தம்பி அனுப்பிய 19 நொடிக் குரல் பதிவு அந்தப் பழைய போனில் இருக்கிறது. “ஐஸ் ஏற்றியாகிவிட்டது அக்கா, கிறிஸ்துமஸுக்கு வந்துவிடுவேன்” என்று சொல்லிப் போனவர், ஒக்கிப் புயலுக்குப் பிறகு திரும்பவில்லை.

இரண்டு மாதங்களுக்கு முன்பு, ஊர் முக்கில் உள்ள மொபைல் கடைப் பையன் 300 ரூபாய் வாங்கிக்கொண்டு, பச்சை நிறத்தில் வாட்ஸ்அப் போலவே தோன்றும் வேறொரு செயலியை ஏற்றிக் கொடுத்திருக்கிறான். “இதுவும் வாட்ஸ்அப்தான் அக்கா, பழைய போனிலும் ஓடும்” என்றானாம். தம்பியின் குரல் அதில் வரவில்லை. ஆனால் கணவரோடு பேச முடிந்ததால் அப்படியே வைத்துக்கொண்டார். கணவர் கேட்டார் என்று ஏடிஎம் அட்டையை இருபுறமும் படமெடுத்து அதிலேயே அனுப்பினார். சில வாரங்களில், கணக்கு தற்காலிகமாகத் தடைசெய்யப்பட்டிருப்பதாக ஓர் அறிவிப்பும் அதன் கீழே ஓடும் கடிகாரமும் வந்தன. “மணி ஓடி முடிந்தால் சரியாகிவிடும்” என்றான் பையன். சரியும் ஆயிற்று.

அதற்கடுத்த வாரம் ஓர் இரவில், இவருடைய எண்ணிலிருந்தும் படத்தோடும் உறவினருக்கெல்லாம் செய்தி போயிருக்கிறது: மருத்துவமனையில் இருக்கிறேன், அவசரம், பணம் அனுப்பு. கணவரின் தங்கை 18,000 ரூபாயும் குழுவில் ஒருவர் 6,000 ரூபாயும் அனுப்பிவிட்டார்கள். குழுவின் வாட்ஸ்அப்பில் ஒரு கடன் செயலியின் இணைப்பும் விழுந்திருக்கிறது. அதே இரவு இவருடைய சொந்தக் கணக்கிலிருந்தும் 9,500 ரூபாய் ஒரே தொகையாகப் போயிருக்கிறது. வங்கியின் குறுஞ்செய்தி வந்தது; விளம்பரம் என்று விட்டுவிட்டார். ஐந்தாவது வேலைநாளில்தான் வங்கிக்குப் போய் அட்டையை முடக்கி, மனு கொடுத்திருக்கிறார். பணம் போய் இன்றோடு 16 நாட்கள். காவல் துறையில் இன்னும் புகார் கொடுக்கவில்லை. போனைக் கொண்டுபோனால் தன்னையே பிடிப்பார்கள் என்று ஊரில் யாரோ சொன்னதுதான் காரணம்.

அவர் கேட்பவை நான்கு. நான் குற்றவாளியா, மற்றவர்களின் பணத்தை நான் கட்ட வேண்டுமா? ஓடிபி யாரிடமும் சொல்லவில்லை, எனவே வங்கி முழுப் பணத்தையும் தந்தாக வேண்டும்தானே? கடைப் பையன்மீது வழக்குப் போடலாமா? கடைசி வரியில், போகிற போக்கில்: போனை அழித்துவிட்டால் தம்பியின் குரலும் போய்விடுமா?

அன்புள்ள சகோதரிக்கு,

நீங்கள் கடைசியாகக் கேட்டதற்குத்தான் அவசரம் அதிகம். அந்தப் பையன் ‘பார்மட் அடித்துத் தருகிறேன்’ என்று போனைக் கேட்டுக்கொண்டிருப்பதாக எழுதியிருக்கிறீர்கள். கொடுக்காதீர்கள். இன்றும் வேண்டாம், அடுத்த வாரமும் வேண்டாம். அழித்தால் குரலும் போகும், காவல் துறைக்குக் காட்ட வேண்டிய சான்றும் சேர்ந்து போகும். இப்போதைக்கு போனிலிருந்து சிம் கார்டைக் கழற்றி வீட்டில் கிடக்கும் பட்டன் போன் எதிலாவது போட்டுக்கொள்ளுங்கள். பழைய போனை விமானப் பயன்முறையில் வைத்து அணைத்து, அலமாரியில் வையுங்கள். அதை அப்படியே இருக்க விட்டுவிட்டு மற்றதைப் பேசுவோம்.

அந்தப் போனில் நடந்தது என்ன

வாட்ஸ்அப் நிறுவனம் 2023 அக்டோபர் 24 முதல் ஆண்ட்ராய்டு 5.0க்குக் கீழே உள்ள போன்களைக் கைவிட்டது. உங்கள் போனில் அது நின்றதற்கு அதுதான் காரணம், போன் பழுதாகவில்லை. ஆண்ட்ராய்டு 4.4 வெளிவந்தது 2013இல். அதற்கான பாதுகாப்புத் திருத்தங்கள் நின்று வெகுகாலமாயிற்று. ஜூன் 1 முதல் ஜூலை 31 வரை தடைக்காலத்தில் படகைக் கரையேற்றி, அடிப்பலகை பார்த்து, வேலை முடித்துத்தானே உங்கள் ஊரில் கடலுக்கு விடுகிறார்கள்? உங்கள் போன் பல ஆண்டுகளாகக் கரையேறாத படகு. மேலே பெயின்ட் நன்றாக இருக்கிறது, அவ்வளவுதான்.

அதைவிட மோசமான ஒன்று உண்டு. ஆண்ட்ராய்டு 6.0 வருவதற்கு முன்பு, ஒரு செயலியை நிறுவும்போதே அது கேட்கும் எல்லா அனுமதிகளும் மொத்தமாகப் போய்விடும். குறுஞ்செய்தி படிப்பது, தொடர்பு எண்களை எடுப்பது, ஒலிவாங்கியைப் பயன்படுத்துவது என்று ஒவ்வொன்றுக்கும் தனித்தனியாக ‘அனுமதிக்கவா’ என்று கேட்கும் வழக்கம் பிறகு வந்தது. “கடைப் பையன் கட்டைவிரலால் திரையை இரண்டு முறை கீழே தள்ளிவிட்டு நிறுவு என்பதை அழுத்தினான்” என்று நீங்கள் எழுதியிருக்கும் அந்த நொடியில்தான் வீட்டுச் சாவிக்கொத்து முழுவதும் கைமாறியது. தள்ளிவிடப்பட்டது அந்த அனுமதிப் பட்டியல். அதற்கு முன்னால் ‘அறியப்படாத மூலங்கள்’ என்ற இடத்தில் ஒரு டிக் போட்டிருப்பான். உங்கள் வகைப் போனில் அந்த டிக் ஒரு செயலிக்கு மட்டுமானதல்ல, எல்லாவற்றுக்கும் கதவைத் திறந்துவைப்பது. யாரும் திரும்பப் போய் அதை எடுத்துவிடுவதில்லை.

‘வாட்ஸ்அப்பில் எல்லாம் பூட்டியிருக்கும், நடுவில் யாரும் படிக்க முடியாது என்கிறார்களே’ என்று கேட்டிருக்கிறீர்கள். அசல் செயலியைப் பொறுத்தவரை அது சரி. ஆனால் முன்பெல்லாம் எழுதத் தெரியாதவர்கள் தெரிந்தவரிடம் சொல்லிக் கடிதம் எழுதி வாங்குவார்களே, அதை நினைத்துப் பாருங்கள். உறையை எவ்வளவு பசை போட்டு ஒட்டினாலும், எழுதிக் கொடுத்தவருக்கு உள்ளே இருப்பது தெரியும். மாற்றியமைத்த செயலி அந்த எழுதிக் கொடுப்பவர். பூட்டுப் போடுவதற்கு முன்பே படித்துவிடக்கூடிய இடத்தில் அது உட்கார்ந்திருக்கிறது.

இது வெறும் ஊகமல்ல. 2021 ஆகஸ்டில் எஃப்எம் வாட்ஸ்அப் என்ற மாற்றுச் செயலியின் ஒரு பதிப்பில் ட்ரையாடா என்ற தீநிரல் (கேடு செய்யும் மென்பொருள்) ஒளிந்திருப்பதை, கணினிப் பாதுகாப்பு நிறுவனமான காஸ்பர்ஸ்கியினர் கண்டுபிடித்தார்கள். அது பயனருக்குத் தெரியாமல் வேறு தீநிரல்களையும் இறக்கிக்கொள்ளக் கூடியது. 2022இல் யோ வாட்ஸ்அப் என்ற இன்னொன்று, கணக்கைக் கைப்பற்றத் தேவையான திறவுகோல்களையே திருடியதையும் அவர்கள் வெளியிட்டார்கள். அந்தத் திறவுகோல் கிடைத்தவர் உங்கள் எண்ணில் நீங்களாகவே பேசலாம். உங்கள் நாத்தனாருக்கு நடந்தது அதைப் போன்றதுதான்.

உங்கள் போனில் இருப்பது அவற்றில் எது, அதில் என்ன இருந்தது என்பதைப் போனைச் சோதித்துப் பார்க்காமல் நான் சொல்ல மாட்டேன். யாராவது அழைத்து ஆறு இலக்க எண் ஒன்றைக் கேட்டு, நீங்களோ பிள்ளைகளோ சொல்லியிருந்தாலும் கணக்கு கைமாறியிருக்கும். ஓடிபி சொல்லவே இல்லை என்று நீங்கள் உறுதியாக எழுதியிருக்கிறீர்கள். சின்னவளிடம் ஒருமுறை, அதட்டாமல் கேட்டுப் பாருங்கள். புகாரில் பிறகு மாற்றிச் சொல்ல நேர்ந்தால் அது உங்களுக்கு நல்லதல்ல.

9,500 ரூபாய் போனதற்கு எனக்குத் தெரியும் எளிய விளக்கம் இது: அட்டையின் இருபுறப் படமும் செயலி வழியாகப் போயிற்று, வங்கி அனுப்பிய ஓடிபி குறுஞ்செய்தியாக வந்தது, குறுஞ்செய்தி படிக்கும் அனுமதியும் செயலிக்கு இருந்தது. நீங்கள் யாரிடமும் வாய் திறக்க வேண்டிய தேவையே இருந்திருக்காது.

நீங்கள் குற்றவாளி அல்ல. ஆனால் மௌனம் உதவாது

இப்படியொரு செயலியை வைத்திருப்பது குற்றம், போனைக் காட்டினால் பிடித்துக்கொள்வார்கள் என்பது ஊர்ப்பேச்சு. அது வாட்ஸ்அப் நிறுவனத்தின் பயன்பாட்டு விதிகளுக்கு மாறானது, அவ்வளவே. அதற்கு அவர்கள் கொடுக்கும் தண்டனை கணக்கை முடக்குவது. நீங்கள் பார்த்த கடிகாரம் முதல் எச்சரிக்கை. அதற்குப் பிறகும் தொடர்ந்தால் நிரந்தரமாக முடக்குவார்கள். ‘மணி ஓடி முடிந்தால் சரியாகிவிடும்’ என்று சொன்ன பையனுக்கு அந்தக் கடிகாரம் ஏன் ஓடுகிறது என்று தெரிந்திருக்கவில்லை.

உங்கள் பெயரில் பணம் கேட்டவர் செய்தது குற்றம். தகவல் தொழில்நுட்பச் சட்டம் 2000இன் 66சி பிரிவு அடையாளத் திருட்டுக்கும், 66டி பிரிவு கணினி வழியாக ஆள்மாறாட்டம் செய்து ஏமாற்றுவதற்கும் மூன்று ஆண்டு வரை சிறையும் ஒரு லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கின்றன. ஏமாற்றிப் பணம் பெற்றதற்கு, புதிய தண்டனைச் சட்டமான பாரதிய நியாய சன்ஹிதாவின் 318(4) பிரிவில் ஏழு ஆண்டு வரை தண்டனை உண்டு. இவை எதிலும் நீங்கள் குற்றம் சாட்டப்பட வேண்டுமானால், ஏமாற்றும் எண்ணம் உங்களுக்கு இருந்ததென்று காட்ட வேண்டும். விசாரணைக்குக் கூப்பிட்டு நாலு கேள்வி கேட்பார்கள், போனைப் பார்ப்பார்கள். பதில் சொல்வதால் நீங்கள் குற்றவாளியாகிவிடமாட்டீர்கள். ஆனால் உங்கள் எண்ணிலிருந்து செய்தி போயிருக்கும்போது, 16 நாட்கள் பேசாமல் இருந்தது ஏன் என்ற கேள்வி வரும். அது 30 நாட்களாகிவிட வேண்டாம்.

குழு உறுப்பினரின் கணவர் ஒருவர் ‘அட்மின் நீ, எல்லாவற்றுக்கும் பொறுப்பு நீ’ என்று வாசலில் வந்து சத்தம் போட்டதாக எழுதியிருக்கிறீர்கள். குழுவில் மற்றவர் போடும் பதிவுக்கு, வெறும் அட்மின் என்பதற்காக ஒருவரைக் குற்றவாளியாக்க முடியாது என்று நம் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2021 டிசம்பரில் ஒரு வழக்கில் சொல்லியிருக்கிறது. அவரிடம் இதைச் சொல்லலாம். ஆனால் உங்களுக்கு ஒரு நுணுக்கத்தையும் சொல்லிவிடுகிறேன்: அந்தத் தீர்ப்பு மற்றவர் போட்ட பதிவைப் பற்றியது. இங்கே இணைப்பு வந்தது உங்கள் எண்ணிலிருந்தே. எனவே உங்களைக் காப்பது அந்தத் தீர்ப்பைவிட நீங்கள் கொடுக்கும் புகார்தான்.

அடுத்தது பணம். நாத்தனாரின் 18,000 ரூபாயையும் உறுப்பினரின் 6,000 ரூபாயையும் நீங்கள் கேட்கவில்லை, வாங்கவில்லை. எனவே சட்டப்படி அது உங்கள் கடன் அல்ல. உறவைக் காப்பாற்ற நாத்தனாருக்குக் கொஞ்சம் கொஞ்சமாகக் கொடுக்க நினைத்தால் அது உங்கள் மனம். அதில் வக்கீலுக்கு வேலை இல்லை. ஆனால் அந்த உறுப்பினரின் கணவர் நீட்டிய புரோநோட்டில் மட்டும் கையெழுத்துப் போடாதீர்கள். போட்ட நிமிடமே, யாரோ திருடிய பணம் நீங்கள் வாங்கிய கடனாக மாறிவிடும். பிறகு அதை உடைக்க நான் நீதிமன்றத்தில் ஆண்டுக்கணக்கில் நிற்க வேண்டும். அதுபோல உங்கள் குழுச் சேமிப்பிலிருந்து பிடித்துக்கொள்கிறோம் என்றால், யாரோ இரண்டு பேர் சொல்லி அது நடக்கக் கூடாது. கூட்டம் போட்டுத் தீர்மானப் புத்தகத்தில் எழுதட்டும், உங்கள் மறுப்பும் அதே பக்கத்தில் இடம்பெறட்டும். ‘என் கணக்கு திருடப்பட்டது, அந்த எண்ணிலிருந்து வந்த எதையும் நம்ப வேண்டாம், கடன் இணைப்பைத் திறந்தவர்கள் அந்தச் செயலியை நீக்கிவிடுங்கள்’ என்று அதே கூட்டத்தில் வாய்விட்டுச் சொல்லிவிடுங்கள்.

பணம் அனுப்பிய இருவரும் தனித்தனியாகப் புகார் கொடுக்க வேண்டும். போனது அவர்கள் கணக்கிலிருந்து. பரிவர்த்தனை எண் அவர்களிடம்தான் இருக்கும். அதை வைத்து 1930 என்ற உதவி எண்ணில் சொன்னால், பணம் எந்தக் கணக்கில் நிற்கிறதோ அங்கே நிறுத்திவைக்க முயல்வார்கள். நிறுத்திவைத்த பணத்தை நீதித்துறை நடுவர் மன்றத்தில் மனுப் போட்டுத் திரும்பப் பெற வழியுண்டு. மறைக்காமல் சொல்கிறேன்: இப்படிப் போகும் பணம் சில மணி நேரத்தில் கணக்குவிட்டுக் கணக்குத் தாவிவிடும். 16 நாட்களுக்குப் பிறகு நிறையக் கிடைக்கும் என்று அவர்களுக்கு நம்பிக்கை கொடுக்காதீர்கள். இருந்தாலும் புகார் வேண்டும். நாளை உங்களைப் பார்த்துக் கேட்பவருக்கு அதுவே பதில்.

புகாரை நாகர்கோவிலில் உள்ள மாவட்ட சைபர் கிரைம் காவல் நிலையத்தில் கொடுக்கலாம். உங்கள் ஊர்க் காவல் நிலையத்திலும் கொடுக்கலாம். ‘இது எங்கள் எல்லை இல்லை’ என்று திருப்பி அனுப்ப முடியாது, புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டமான பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 173ஆம் பிரிவு அதைச் சொல்கிறது. புகாரைப் பெற்றுக்கொண்டதற்கான சி.எஸ்.ஆர். ரசீதைக் கையில் வாங்காமல் படியிறங்காதீர்கள். கணவரின் விசாவுக்குக் கெடுதல் வருமோ என்ற பயம் வேண்டாம், புகார் கொடுப்பவர் நீங்கள். தனியாகப் போகத் தயக்கமென்றால், நாகர்கோவில் நீதிமன்ற வளாகத்தில் உள்ள மாவட்டச் சட்டப்பணிகள் ஆணைக்குழுவுக்குப் போங்கள், அல்லது 15100இல் அழையுங்கள். பெண்களுக்கு, வருமானம் எவ்வளவாக இருந்தாலும், அங்கே வக்கீல் இலவசம். என் பிழைப்பைக் கெடுத்துக்கொண்டு சொல்கிறேன்.

வங்கியில் கேட்கக்கூடியது 4,500

‘ஓடிபி சொல்லவில்லை, எனவே முழுப் பணமும் வர வேண்டும்’ என்ற உங்கள் கணக்கு பாதிதான் சரி. ரிசர்வ் வங்கி 2017 ஜூலை 6ஆம் தேதி வெளியிட்ட சுற்றறிக்கை இதற்கு அளவு வைத்தது. தவறு வங்கியுடையதும் இல்லை, வாடிக்கையாளருடையதும் இல்லை, வெளியாள் செய்தது என்றால், வங்கியின் தகவல் கிடைத்த மூன்று வேலைநாட்களுக்குள் சொன்னவருக்கு இழப்பே இல்லை. நான்கிலிருந்து ஏழாவது வேலைநாளுக்குள் சொன்னால் இழப்புக்கு உச்சவரம்பு உண்டு: சாதாரணச் சேமிப்புக் கணக்குக்கு 10,000 ரூபாய், அடிப்படைச் சேமிப்புக் கணக்குக்கு 5,000 ரூபாய். அதற்கும் பிந்தினால் அந்தந்த வங்கியின் கொள்கைப்படி.

நீங்கள் ஐந்தாவது வேலைநாளில் போனீர்கள். உங்களுடையது ஜன்தன் திட்டத்தில் தொடங்கிய ஜீரோ பேலன்ஸ் கணக்கு, அதாவது அடிப்படைச் சேமிப்புக் கணக்கு. எனவே உங்கள் தலையில் விழக்கூடியது அதிகபட்சம் 5,000. வங்கியிடம் கேட்கக்கூடியது 4,500. சாதாரணக் கணக்காக இருந்திருந்தால், போனதே 9,500 என்பதால் கேட்க ஒன்றுமே இருந்திருக்காது. கவுன்டரில் கூச்சத்தோடு நீட்டும் அந்தப் பாஸ்புத்தகம் இந்த ஒரு முறை உங்களுக்குக் கைகொடுக்கிறது.

வங்கி சும்மா கொடுத்துவிடாது. ‘அட்டைப் படத்தை அனுப்பியதும் கண்ட செயலியை ஏற்றியதும் உங்கள் அலட்சியம்’ என்று எழுதுவார்கள். அலட்சியம் என்று நிலைத்துவிட்டால், புகார் சொல்லும்வரை போனது முழுவதும் உங்கள் இழப்பு. அட்டைப் படம் உண்மையிலேயே உங்கள் வாதத்தின் பலவீனமான இடம். நான் வங்கியின் வக்கீலாக இருந்தால் அங்கேதான் குத்துவேன். உங்கள் பக்கம் இருப்பது இது: வாடிக்கையாளர்தான் பொறுப்பு என்று நிரூபிக்கும் சுமை வங்கியுடையது என்று அதே சுற்றறிக்கை சொல்கிறது. படம் போனது கணவருக்கு, அந்நியருக்கு அல்ல. ஓடிபியை நீங்கள் யாருக்கும் கொடுக்கவில்லை. வாதாடத் தகுந்த வழக்கு, வெற்றி நிச்சயமான வழக்கு அல்ல.

வாய்வார்த்தையை நம்பி வராதீர்கள். ஏற்கெனவே கொடுத்த மனுவின் நகலில் தேதியும் முத்திரையும் வாங்கியிருக்கிறீர்களா? இல்லையென்றால், அன்று கொடுத்ததைக் குறிப்பிட்டு இன்னொரு மனு கொடுத்து முத்திரை வாங்குங்கள். அந்த ஐந்தாவது நாளுக்கு உங்களிடம் சான்று இல்லாவிட்டால் 4,500 ரூபாய்க் கணக்கே கலைந்துவிடும். தெரிவித்த 10 வேலைநாட்களுக்குள் தொகையைத் தற்காலிகமாக வரவு வைக்க வேண்டும், 90 நாட்களுக்குள் புகாரை முடிக்க வேண்டும் என்பது விதி. 30 நாட்களில் பதில் வராவிட்டாலோ வந்த பதில் திருப்தியில்லாவிட்டாலோ ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரிடம் போகலாம். அதற்குக் கட்டணம் இல்லை.

கடைப் பையன்

அவன்மீது உங்களுக்குக் கோபம் இருக்கிறது; நியாயம்தான். ஆனால் குற்ற வழக்கு நிற்பது கடினம். உங்கள் அனுமதியோடு ஏற்றினான், அவனுக்குக் கெட்ட எண்ணம் இருந்ததற்கு அடையாளம் எதுவும் கடிதத்தில் இல்லை. காசு வாங்கிக்கொண்டு செய்த சேவையில் குறை என்று மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் இரண்டு ஆண்டுகளுக்குள் வழக்குப் போடலாம், உங்கள் தொகைக்குக் கட்டணமும் கிடையாது. ஆனால் 300 ரூபாய்க்குப் பில் இல்லை, நேரில் பார்த்தவர் இல்லை. எனக்கு அவன் எதிராளியாக இருப்பதைவிடச் சாட்சியாக இருப்பது பயன். அந்தக் கோப்பை எந்தத் தளத்திலிருந்து இறக்கினான், இன்னும் எத்தனை போனில் ஏற்றினான் என்று போலீஸார் கேட்டால் அவன்தான் சொல்ல முடியும். சண்டை போட்டு அவன் வாயை அடைத்துவிடாதீர்கள்.

புதுப் போன்

கணவர் அனுப்பிய பணத்தில் வாங்கிவிடுங்கள். பழையதாக வாங்கினாலும் பரவாயில்லை. அமைப்புகளில் ‘போனைப் பற்றி’ என்ற இடத்தில் ஆண்ட்ராய்டு எண்ணையும், கடைசிப் பாதுகாப்புப் புதுப்பிப்பின் தேதியையும் பார்த்து வாங்குங்கள். *#06# அழுத்தி வரும் எண்ணை மத்திய அரசின் சஞ்சார் சாத்தி தளத்தில் சரிபார்த்தால் திருட்டுப் போனா என்று தெரியும். பில் கேளுங்கள். பிளே ஸ்டோரிலிருந்து மட்டும் வாட்ஸ்அப்பை இறக்கி, அதே எண்ணில் பதிவு செய்தால், உங்கள் கணக்கில் உட்கார்ந்திருக்கும் ஆள் வெளியேற்றப்படுவார். அவர் இரட்டைச் சரிபார்ப்பு எண் ஏதாவது போட்டு வைத்திருந்தால் ஏழு நாட்கள் காத்திருக்க வேண்டியிருக்கும். உள்ளே போனதும் நீங்களே ஒரு எண்ணைப் போட்டு, பிள்ளைகளின் பிறந்தநாளாக இல்லாமல் பார்த்துக்கொள்ளுங்கள். வங்கியோடு இணைந்த சிம் அந்தப் பட்டன் போனிலேயே இருந்தால் எனக்கு இன்னும் நிம்மதி. ஓடிபி அதற்கு வரட்டும்.

தம்பியின் குரல்

நீங்கள் இத்தனை ஆண்டு நினைத்திருந்ததுபோல் அந்தக் குரல் வாட்ஸ்அப்புக்குள் பூட்டிக் கிடக்கவில்லை. அது போனின் நினைவகத்தில் ஒரு தனிக் கோப்பு. வாட்ஸ்அப் திறக்காவிட்டாலும் அது அங்கேயே இருக்கும். அதைக் கேட்பதற்காகத்தான் அந்தச் செயலியை ஏற்றச் சொன்னீர்கள். அதற்கு எந்தச் செயலியும் தேவைப்பட்டிருக்கவில்லை.

புகாருக்குப் போகும் முன்பே நகல் எடுத்துவிடுங்கள். போலீஸார் போனைச் சோதனைக்கு எடுத்துக்கொள்ளலாம். எடுத்தால் மகஜர் (கைப்பற்றியதை எழுதும் பதிவு) நகல் கேட்டு வாங்குங்கள், திரும்பி வர மாதங்களாகலாம். கடைக்குப் போக வேண்டாம். பெரியவளின் கல்லூரித் தோழி யாரிடமாவது கணினி இருக்கும். சிம் இல்லாமல், இணையம் இல்லாமல், சார்ஜ் போடும் கேபிளால் போனைக் கணினியில் இணைக்கச் சொல்லுங்கள். உள்ளே ‘வாட்ஸ்அப்’ என்ற கோப்புறை, அதற்குள் ‘மீடியா’, அதற்குள் ‘வாட்ஸ்அப் வாய்ஸ் நோட்ஸ்’. பையன் ஏற்றிய செயலிக்கு வேறு பெயரில் தனிக் கோப்புறை இருக்கும். அதைத் தொட வேண்டாம். வாய்ஸ் நோட்ஸுக்குள் வரிசையாக எண்கள் தெரியும். ஆண்டும் வாரமும் சேர்ந்த எண்கள் அவை. தம்பி புறப்பட்டது நவம்பர் நடுவில் என்று எழுதியிருப்பதால் 201746, 201747 ஆகிய இரண்டிலும் பாருங்கள். ஒவ்வொரு கோப்பின் பெயரிலும் 201711 என்று தொடங்கி அந்த நாளின் தேதி இருக்கும்.

அந்தக் குரல் கோப்புகளை மட்டும் கணினிக்கும், பிறகு ஒரு பென் டிரைவுக்கும் எடுங்கள். வேறெதையும் எடுக்க வேண்டாம். ஓபஸ் வகைக் கோப்பு என்பதால் சில கணினிகளில் நேராகத் திறக்காது, விஎல்சி என்ற இலவச மென்பொருளில் ஓடும். பென் டிரைவில் இருப்பதைப் போட்டு, 19 நொடியும் முழுவதாகக் கேட்டுவிடுங்கள். பிறகு பென் டிரைவை வீட்டில் வைத்துவிட்டு, போனையும் பாஸ்புத்தகத்தையும் எடுத்துக்கொண்டு நாகர்கோவிலுக்கு பஸ் ஏறுங்கள்.